செவி, கிவி, கெவி: மொழி மாறுவதை எப்படிக் கண்டுபிடிக்கிறார்கள்?

வருஷத்துக்கு ரெண்டு தடவையாவது எல்லா குரூப்பிலும் ஒரு ஃபார்வேர்டு சுற்றும். 'ஆங்கிலத்தில் உள்ள ஒன், தமிழ் ஒன்றிலிருந்து வந்தது. கில் என்பது நம்ம கொல். தமிழனாக இருந்தால் பகிரவும்.' இன்னொரு வகையும் உண்டு: கன்னடம், தெலுங்கு, மலையாளம் மூணும் தமிழ் பெற்ற பிள்ளைகள். இதை கிளாஸ் குரூப்பில் போட்டால் கன்னடக்காரப் பையன் சண்டைக்கு வருவான். அவனிடமும் ஒரு ஃபார்வேர்டு இருக்கும். கடைசியில் யார் அதிகம் டைப் பண்ணினார்களோ அவர்கள் ஜெயித்ததாக முடியும்.

இப்படிச் சண்டை போட வேண்டிய அவசியமே இல்லை என்பதுதான் இந்தக் கட்டுரையின் செய்தி. ஒரு சொல் எங்கிருந்து வந்தது, எந்த மொழி எதற்குச் சொந்தம் என்பதைச் சோதித்துப் பார்க்க ஒரு முறை இருக்கிறது. இருநூறு வருஷமாக மொழியியலாளர்கள் அதைப் பயன்படுத்துகிறார்கள். கணக்கு மாதிரியே ஸ்டெப் ஸ்டெப்பாகப் போகும். அதைக் கற்றுக்கொள்ளத் தேவையான டேட்டாவில் பாதி உங்க வாயிலேயே இருக்கிறது. மீதியைப் பக்கத்து ரூம் கன்னட நண்பரிடம் கேட்டுக்கொள்ளலாம்.

முதல் ஸ்டெப்: ஒத்துப்போவது வேறு, ஒழுங்காக ஒத்துப்போவது வேறு

இந்தப் பட்டியலைப் பாருங்க. இடதுபக்கம் தமிழ், வலதுபக்கம் கன்னடம்.

பால் – ஹாலு
பல் – ஹல்லு
பத்து – ஹத்து
பூ – ஹூ
புலி – ஹுலி
பாம்பு – ஹாவு
பசி – ஹசிவு
பன்றி – ஹந்தி

தமிழில் 'ப' வருகிற இடத்தில் கன்னடத்தில் 'ஹ' வருகிறது. ஒரு சொல்லில் மட்டும் இப்படி இருந்தால் தற்செயல் என்று விட்டுவிடலாம். வரிசையாக வந்தால்? அதுவும் பால், பல், பத்து மாதிரி, யாரும் அடுத்த ஊரிலிருந்து கடன் வாங்கத் தேவையில்லாத அன்றாடச் சொற்களில்? இதைத்தான் மொழியியலில் ஒழுங்கான ஒலி ஒப்புமை என்கிறார்கள். ரெண்டு மொழிக்கு உறவு உண்டா என்று பார்க்கும்போது, சொற்கள் ஒரே மாதிரி ஒலிக்கின்றனவா என்பது முக்கியமில்லை. வித்தியாசம் ஒரே மாதிரி இருக்கிறதா என்பதுதான் முக்கியம்.

அடுத்த கேள்வி: எது பழசு, ப-வா ஹ-வா? இதற்குக் கன்னடமே சாட்சி சொல்கிறது. பழைய கன்னடக் கல்வெட்டுகளில் இந்தச் சொற்கள் ப-வோடுதான் இருக்கின்றன. 10-ஆம் நூற்றாண்டு வாக்கில் ஹ அங்கங்கே தலைகாட்டுகிறது. 14-ஆம் நூற்றாண்டுக்குள் எங்கும் பரவிவிடுகிறது. டூர் போன ஹம்பியை நினைத்துப் பாருங்க. அந்தப் பெயர் பம்பா என்பதிலிருந்து வந்தது. பம்பா என்பது துங்கபத்திரை ஆற்றின் பழைய பெயர்.

இன்னொரு விஷயத்தையும் கவனிக்கணும். உப்பு கன்னடத்திலும் உப்புதான். அப்பாவும் அப்பாதான். அதாவது எல்லா ப-வும் மாறவில்லை, சொல்லின் முதலில் நின்ற ப மட்டும்தான் மாறியது. ஒலி மாற்றத்துக்கு இப்படி ஒரு 'இஃப்' கண்டிஷன் இருக்கும். கண்டிஷன் பொருந்திய இடத்தில் மாறும், பொருந்தாத இடத்தில் மாறாது.

இந்த மாற்றத்துக்கு ஒரு முடிவும் உண்டு. கன்னடத்தில் புத்தகம் 'புஸ்தக', போலீஸ் 'போலீஸ்'. 'ஹுஸ்தக' என்றோ 'ஹோலீஸ்' என்றோ யாரும் சொல்வதில்லை. ஏனென்றால் அவை இன்றைய வடிவில் நிலைத்தபோது ப–ஹ மாற்றம் ஓய்ந்துவிட்டது. ஆனால் பறவைக்குக் கன்னடத்தில் 'ஹக்கி' என்பார்கள். அது சமஸ்கிருத பக்ஷி, பிராகிருதம் வழியாக முன்னாடியே கன்னடத்துக்குள் வந்து, மாற்றத்தில் சிக்கி ஹக்கி ஆனது. பக்ஷி என்ற வடிவம் தனியாகவும் கன்னடத்தில் இருக்கிறது. ஒரே சொல் ரெண்டு தடவை, ரெண்டு காலத்தில் உள்ளே வந்திருக்கிறது. கடன் வாங்கிய சொற்களில் எது முன்னால் வந்தது, எது பின்னால் வந்தது என்று இப்படித்தான் பிரிக்கிறார்கள்.

ரெண்டாவது ஸ்டெப்: இப்போ நம்ம பக்கம்

'பார்த்தீங்களா, கன்னடம்தான் மாறியிருக்கு, தமிழ் அப்படியே இருக்கு' என்று தோன்றுகிறதா? கொஞ்சம் பொறுங்க. அடுத்த பட்டியல்:

செவி – கிவி
சிறிய – கிரிய
செம் (செம்மை) – கெம்பு (சிவப்பு)
செய் – கெய் (பழைய கன்னடம்)

இங்கே தமிழில் ச, கன்னடத்தில் க. (இந்த ச-வைப் பச்சை, அச்சம் என்பதில் வரும் அழுத்தமான ச-வாகப் படியுங்க. மலையாளத்திலும் தெலுங்கிலும் செவியை அப்படித்தான் சொல்வார்கள். சவுக்கு என்பதில் வருகிற மாதிரி மெல்லிய ச-வாகத் தமிழில் சொல்வது அதற்கு அடுத்த கட்ட மாற்றம்.)

எது பழசு? இதை ஓட்டெடுப்பு நடத்தி முடிவு செய்ய முடியாது. ரெண்டு வகை ஆதாரம் வேணும்.

ஒன்று, மற்ற உறவு மொழிகள். காதுக்குக் குடகு மொழியில் கெவி. துளுவில் கெபி. நீலகிரியில் கோத்தர் மொழியில் கெவ். மத்திய இந்தியாவில் கோண்டியில் கெவி, கொலாமியில் கெவ். பலூசிஸ்தானில் பேசப்படும் பிராகூயியில்கூட, தொண்டையிலிருந்து எழும் க-வோடு, கஃப். ஒன்றுக்கொன்று பக்கத்தில் இல்லாத இத்தனை மொழிகள் பேசி வைத்துக்கொண்டு க-வுக்கு மாறியிருக்க முடியாது.

ரெண்டு, மாற்றத்தின் திசை. 'க' சொல்லும்போது நாக்கின் பின்பகுதி மேலண்ணத்தைத் தொடும். 'இ', 'எ' சொல்லும்போது நாக்கு முன்னால் வரும். கி, கெ என்று வேகமாகச் சொன்னால் அடுத்து வரும் உயிருக்காக நாக்கு முன்கூட்டியே முன்னால் வழுக்கும். வழுக்கினால் கிடைப்பது ச. உலகம் முழுக்க இது நடந்திருக்கிறது. லத்தீனில் நூறு 'கென்டும்'. அதே சொல் இத்தாலியனில் அழுத்தமான ச-வோடு 'சென்டோ', பிரெஞ்சில் மெல்லிய ச-வோடு 'சான்'. தாடைக்கு ஜெர்மனில் 'கின்', ஆங்கிலத்தில் 'சின்'. க-விலிருந்து ச-வுக்குப் போகும் வழி நன்றாகத் தேய்ந்த வழி. எதிர்த்திசையில் போவது ரொம்ப அபூர்வம்.

ஆக, இந்த விஷயத்தில் மாறியது தமிழ்தான். செவி ஒரு காலத்தில் க-வோடு இருந்தது. கன்னடக்காரர்கள் அந்தப் பழைய க-வை இன்றும் வைத்திருக்கிறார்கள்.

இன்னும் ஒண்ணு. மேலே இருக்கும் 'செம்' என்பதைத் திரும்பப் பாருங்க. செம்மொழி, செந்தமிழ் எல்லாவற்றின் முன்னாலும் நிற்பது இதே செம்தான். அதாவது 'மாறாத தூய தமிழ்' என்று சொல்ல நாம் பயன்படுத்தும் சொல்லின் முதல் எழுத்தே மாறிப்போன எழுத்து.

மூணாவது ஸ்டெப்: விதிவிலக்குக்கும் ஒரு விதி

'கி, கெ எல்லாம் ச ஆச்சுன்னா தமிழில் கேள், கீழ், கெடு எப்படி இருக்கு?' என்று கேட்டீங்கன்னா நல்ல கேள்வி. இவை கன்னடத்திலும் க-தான்: கேளு, கெளகெ, கெடு. இந்தச் சொற்களையும் சேர்த்துப் பாருங்க: கிணறு, கேணி, கிழங்கு, கிழக்கு, கிளை, கிளி, கேழ்வரகு, கிட்ட, கிண்டு, கிள்ளு. இவற்றில் பொதுவாக என்ன இருக்கு? ஒரு நிமிஷம் யோசித்துவிட்டுக் கீழே படியுங்க.

கி, கெ-வுக்கு அடுத்து வரும் மெய்யைப் பாருங்க. ட, ண, ள, ழ. எல்லாமே நாக்கு நுனியைப் பின்னால் மடக்கிச் சொல்ல வேண்டிய எழுத்துகள். செவி, செய், சிறிய, செம் ஆகியவற்றில் அடுத்து வருவது வ, ய, ற, ம. அங்கே மடக்கும் வேலை இல்லை. கோடாக எழுதினால் இப்படி இருக்கும்:

சொல்லின் முதலில் க் இருந்து, அதன்பின் இ, ஈ, எ, ஏ வந்தால்:
அடுத்த மெய் ட, ண, ள, ழ-வில் ஒன்றாக இருந்தால், க் அப்படியே இருக்கட்டும்.
இல்லையென்றால், க்-ஐ ச் ஆக்கு.

காரணத்தையும் வாயிலேயே சோதிக்கலாம். கேள் என்று மெதுவாகச் சொல்லுங்க. ள-வுக்காக நாக்கு பின்னால் சுருளத் தயாராவது தெரியும். ஒரு பக்கம் உயிர் நாக்கை முன்னால் இழுக்கிறது, இன்னொரு பக்கம் ள பின்னால் இழுக்கிறது. க தப்பித்தது.

தமிழில் க ச-வாக மாறியதை மொழிகளை ஒப்பிட்டு ஆராய்ந்தவர்களில் முக்கியமானவர் தாமஸ் பர்ரோ. அவரும் மர்ரே எமெனோவும் சேர்ந்து 1961-இல் திராவிடச் சொற்பிறப்பு அகராதியை வெளியிட்டார்கள். 1984-இல் வந்த திருத்திய பதிப்பில் 5,500-க்கும் மேற்பட்ட பதிவுகள் இருக்கின்றன.

விதிவிலக்கைப் பார்த்துப் பயப்படாமல் அதற்குள்ளும் விதியைத் தேடுவது இந்தத் துறையில் பழைய பழக்கம். 1822-இல் யாக்கோப் கிரிம் ஜெர்மானிய மொழிகளுக்கான ஒலிமாற்ற விதியை எழுதினார். லத்தீன் ப, ஆங்கிலத்தில் ஃப ஆகும்: பாட்டர், ஃபாதர்; பிஸ்கிஸ், ஃபிஷ். ஆனால் சில சொற்கள் அவர் விதிகளுக்குள் அடங்கவில்லை. ஜெர்மன் மொழியில் அப்பா ஃபாட்டர், அண்ணன் தம்பி ப்ரூடர். மூல மொழியில் ரெண்டிலும் நடுவில் இருந்தது ஒரே த-தான். ஏன் ஒன்றில் ட்ட, இன்னொன்றில் ட? 1877-இல் டென்மார்க்கைச் சேர்ந்த கார்ல் வெர்னர் விடை சொன்னார். வேதகால சமஸ்கிருதத்தில் அதே சொற்களில் அழுத்தம் எங்கே விழுகிறது என்று பார்த்தார். பிதர் என்பதில் ரெண்டாவது அசையில், ப்ராதர் என்பதில் முதல் அசையில். அழுத்தத்தின் இடம்தான் அந்த இஃப் கண்டிஷன். அந்த அழுத்தம் ஜெர்மனில் எப்போதோ மறைந்துவிட்டது, ஆனால் அது விட்டுப்போன தடம் மெய்யில் இருக்கிறது.

நம்ம விதிக்கும் அடங்காத சொற்கள் உண்டு. கீறு, கீரை, கெஞ்சு இவை எல்லாம் விதிப்படி ச ஆகியிருக்கணும், ஆகவில்லை. கன்னட 'கிட'-வோடு ஒப்பிடப்படும் செடி, ட வந்தும் ச ஆகியிருக்கிறது. இப்படி மிஞ்சும் சொற்களை ஒளித்து வைக்கக் கூடாது. ஒவ்வொன்றுக்கும் கடன் வாங்கியதா, பழைய உயிர் வேறா, பக்கத்து வட்டார வழக்கிலிருந்து வந்ததா என்று தனித்தனியாகக் கேள்வி கேட்கணும். டெஸ்ட் கேஸ் ஃபெயில் ஆனால் டெஸ்ட் கேஸை டெலீட் பண்ணக் கூடாது இல்லையா, அதே மாதிரி.

இந்த மாற்றமும் இப்போ செத்துப்போன மாற்றம். கேக்கை நாம் 'சேக்' என்று சொல்வதில்லை. கிலோ, கீபோர்டு, கெமிஸ்ட்ரி எல்லாம் தப்பித்துவிட்டன.

நாலாவது ஸ்டெப்: எந்தக் கிளை எப்போது பிரிந்தது?

மலையாளத்தில் செவி, செய், செறிய. ஆனால் கேள், கீழ், கிளி, கெடு. தமிழில் இருக்கும் அதே விதி, அதே விதிவிலக்கு. கிட்ஹப் பழக்கம் உள்ளவர்களுக்கு இது உடனே புரியும். ஒரு கமிட் ரெண்டு பிராஞ்சிலும் அப்படியே இருந்தால், பிராஞ்ச் பிரிவதற்கு முன்னாலேயே அது போடப்பட்டது என்று அர்த்தம். தமிழும் மலையாளமும் ஒன்றாக இருந்த காலத்திலேயே இந்த மாற்றம் முடிந்துவிட்டது. சங்க இலக்கியத்திலும் செவிதான்.

தெலுங்கிலும் செவி என்றுதான் சொல்வார்கள், அப்போ அதுவும் அதே கமிட்டா? இல்லை. கெடு தெலுங்கில் 'செடு'. கிளி 'சிலுக'. அங்கே ட, ள என்ற விதிவிலக்கு வேலை செய்யவில்லை. விளைவு ஒரே மாதிரி தெரிந்தாலும் விதி வேறு. அதனால் தெலுங்கில் இது தனியாக நடந்த மாற்றம் என்று கொள்கிறார்கள்.

இப்போ அந்தப் பெரிய சண்டைக்கு வரலாம். கன்னடம் தமிழிலிருந்து வந்ததா?

வந்தது என்று வைத்துக்கொள்வோம். அப்போ தமிழ்ச் செவி கன்னடத்தில் கிவி ஆகியிருக்கணும், செய் கெய் ஆகியிருக்கணும். ஆனால் தமிழ்ச் 'சேர்' கன்னடத்திலும் 'சேரு'தான். ஏனென்றால் சேர் என்பதில் இருப்பது ஆதியிலிருந்தே ச. தமிழில் பழைய ச-வும், க-விலிருந்து வந்த புது ச-வும் கலந்து ஒன்றாகிவிட்டன. கலந்த பிறகு எது எது என்று பிரிக்க வழியில்லை. ரெண்டு இன்புட்டுக்கு ஒரே அவுட்புட் கொடுக்கும் ஃபங்ஷனை இன்வர்ஸ் பண்ண முடியாது என்று முதல் வருஷமே படித்தோம். தமிழிலிருந்து வந்த மொழிக்கு, எந்த ச-வை மட்டும் திரும்பக் க ஆக்கணும் என்று எப்படித் தெரியும்? தெரியாது. ஆக, கன்னடம் இந்தத் தமிழிலிருந்து வந்திருக்க முடியாது.

சரி, தமிழ் கன்னடத்திலிருந்து வந்ததா? அதுவும் முடியாது. இதைப் பாருங்க:

செவி – கிவி
எலி – இலி
பெரிய – ஹிரிய

அடுத்த அசையில் இ வந்தால் கன்னடத்தில் எ, இ ஆகிவிட்டது. ஆனால் கிளி மாதிரி சொற்களில் ஆதியிலிருந்தே இ-தான் இருந்தது. கன்னடத்தில் ரெண்டும் கலந்து ஒன்றாகிவிட்டன. தமிழ் அந்த வித்தியாசத்தைக் காப்பாற்றியிருக்கிறது. எலியும் கிளியும் தமிழில் தனித்தனி உயிர். கன்னடத்திலிருந்து தமிழ் வந்திருந்தால் இந்த எ எங்கிருந்து திரும்பி வந்தது?

செவியில் உயிர் பழசு, மெய் புதுசு. கிவியில் மெய் பழசு, உயிர் புதுசு. ரெண்டு பேரும் ஆளுக்குப் பாதி வைத்திருக்கிறோம். சேர்த்தால் கிடைப்பது *கெவி. எழுத்தில் எங்கும் கிடைக்காத, ஒப்பிட்டு மீட்டெடுத்த வடிவம் என்பதைக் காட்ட மொழியியலாளர்கள் முன்னால் ஒரு நட்சத்திரக் குறி போடுவார்கள். இந்த மீட்டெடுப்பு சரியா என்று செக் பண்ண வழியும் இருக்கு. குடகிலும் கோண்டியிலும் மக்கள் இன்னைக்கும் கெவி என்றுதான் சொல்கிறார்கள்.

நீண்ட இலக்கிய மரபு இல்லாத மொழிகள் என்று நாம் கண்டுகொள்ளாமல் விடுபவைதான் இங்கே நமக்குச் சாட்சி சொல்கின்றன. எமெனோ 1930-களில் நீலகிரிக்கு வந்து கோத்தர், தோடர் மொழிகளைப் பதிவு செய்ததற்குக் காரணமும் இதுதான். அந்த மாதிரி ஒரு மொழி பேச ஆளில்லாமல் போனால் அந்த மக்களுக்கு மட்டும் நஷ்டம் இல்லை. தமிழின் பழைய வரலாற்றிலும் ஒரு பக்கம் கிழிந்துபோகும்.

அஞ்சாவது ஸ்டெப்: ஃபார்வேர்டை சோதிப்போம்

இப்போ 'ஒன் = ஒன்று' என்பதை எடுத்துக்கொள்வோம். உண்மையான உறவு இருந்தால் காலத்தில் பின்னால் போகப் போக ரெண்டும் நெருங்கணும். பழைய ஆங்கிலத்தில் அந்தச் சொல் 'ஆன்'. முன்னால் ஒட்டியிருக்கும் அந்த வகர ஒலி பிற்பாடு வந்தது. அலோன், ஓன்லி என்ற சொற்களுக்குள்ளும் இதே ஒன்தான் இருக்கிறது, அங்கே வகரம் இல்லை. ஜெர்மனில் 'ஐன்ஸ்', லத்தீனில் 'ஊனுஸ்'. பின்னால் போகப் போக ஒன்றிலிருந்து விலகிப் போகிறது. இன்றைய உச்சரிப்பு ஒத்துப்போவது தற்செயல்.

கொல், கில்? ஒரு ஜோடி போதாது. தமிழ் க ஆங்கிலத்தில் க என்றால் கண், கை, கால், கல் எல்லாம் எங்கே? ஐ, ஹேண்ட், லெக், ஸ்டோன். வரிசை கிடைக்கவில்லை. பால்–ஹாலு பட்டியலோடு ஒப்பிட்டுப் பாருங்க, வித்தியாசம் தெரியும்.

அதற்காக ஆங்கிலத்தில் தமிழே இல்லை என்று அர்த்தமில்லை. கட்டமரன் நம்ம கட்டுமரம். செரூட் நம்ம சுருட்டு. முல்லிகடானி நம்ம மிளகுத்தண்ணீர். இவை கடன் போன சொற்கள். சொல்லோடு பொருளும் கப்பலேறிப் போனது தெரிகிறது.

'இப்படி எல்லாத்தையும் சந்தேகப்பட்டா நம்ம பெருமை என்னாகும்?' என்று ஒருத்தர் கேட்கலாம். இதற்குப் பதில் சென்னையிலேயே இருக்கிறது. 1816-இல் எல்லிஸ், தமிழும் தெலுங்கும் கன்னடமும் சமஸ்கிருதத்திலிருந்து பிறக்கவில்லை, அவை தனிக் குடும்பம் என்று வேர்ச்சொற்களை ஒப்பிட்டு எழுதினார். அவர் சென்னையில் வேலை பார்த்த அதிகாரி. 1856-இல் கால்டுவெல் தன் ஒப்பிலக்கணத்தில் அதை விரிவாக நிறுவினார். தமிழ் தனித்த மொழி என்று நாம் உரக்கச் சொல்ல முடிவதற்குக் காரணம் இந்த ஒப்பீட்டு முறை. 'சொல் ஒரே மாதிரி இருந்தா போதும், ஒரே மொழிதான்' என்று நாம் ஒத்துக்கொண்டால், தமிழில் இருக்கும் சமஸ்கிருதச் சொற்களை எண்ணிக் காட்டி 'தமிழும் சமஸ்கிருதத்தின் பிள்ளைதான்' என்று இன்னொருத்தர் சொல்லும்போது நம்மிடம் பதில் இருக்காது. தனக்குச் சாதகமான நேரத்தில் மட்டும் பயன்படுத்துவதற்குப் பெயர் முறை இல்லை.

ஆறாவது ஸ்டெப்: உங்க பேச்சிலேயே ஒரு லேப்

கல்வெட்டைத் தேடிப் போக வேண்டாம், மாற்றம் நம்ம வாயில் நடந்திருக்கிறது. எழுத்தில் உள்ளதையும் பேச்சில் உள்ளதையும் எதிரெதிரே வையுங்க.

படித்து – படிச்சு
சிரித்து – சிரிச்சு
வைத்து – வச்சு
நினைத்து – நெனச்சு

ஆனால்:

பார்த்து – பாத்து
எடுத்து – எடுத்து
கொடுத்து – குடுத்து

'எடுச்சு' என்று யாரும் சொல்வதில்லை. ஏன்? த்த-வுக்கு முன்னால் இ அல்லது ஐ இருந்தால்தான் அது ச்ச ஆகும். ந்த-வுக்கும் இதே கதை. தெரிந்து, தெரிஞ்சு ஆகும். ஐந்து, அஞ்சு ஆகும். வந்து, வந்துதான். கெவியைச் செவி ஆக்கிய அதே வேலை. நாக்கை முன்னால் இழுக்கும் உயிர், பக்கத்து மெய்யையும் இழுத்துக்கொண்டு போகிறது.

இப்போ ஒரு கணக்கு. விற்று என்பதைப் பேச்சில் 'வித்து' என்கிறோம். 'பைக்கை வித்துட்டான்.' த்த-வுக்கு முன்னால் இ இருக்கிறது. அப்படியானால் ஏன் 'விச்சுட்டான்' ஆகவில்லை?

விடை: த்த, ச்ச ஆகிக்கொண்டிருந்த காலத்தில் இந்தச் சொல்லில் த்த இல்லை, ற்ற இருந்தது. அந்த மாற்றம் ஓய்ந்த பிறகுதான் ற்ற, த்த ஆனது. சிற்றப்பா சித்தப்பா ஆகி, சிச்சப்பா ஆகாமல் நின்றதற்கும் இதே காரணம். ரெண்டு மாற்றத்தில் எது முதலில், எது அடுத்து என்பதை ஒரு கல்வெட்டுகூட இல்லாமல் கண்டுபிடித்துவிட்டோம்.

இதிலிருந்து எனக்கு முக்கியமாகப் படுவது ஒன்றுதான். 'கொச்சை' என்று நாம் ஒதுக்கும் பேச்சு கண்டபடி உடைந்துபோன தமிழ் இல்லை. அதற்கு விதி இருக்கிறது, விதிக்குக் கண்டிஷன் இருக்கிறது, வரிசை இருக்கிறது. ஒரு மாற்றம் உயர்ந்ததா தாழ்ந்ததா என்று தீர்ப்பு சொல்வது நாக்கு இல்லை, சமூகம். இதையும் ஆராய்ந்திருக்கிறார்கள். 1962-இல் வில்லியம் லபோவ் நியூயார்க்கில் மூணு கடைகளுக்குப் போனார். ஒன்று வசதியானவர்கள் போவது, ஒன்று நடுத்தரம், ஒன்று மலிவு விலை. விற்பனையாளர்களிடம் நாலாவது மாடியில் உள்ள ஏதாவது ஒரு பொருள் எங்கே என்று கேட்பார். பதில் 'ஃபோர்த் ஃப்ளோர்' என்றுதான் வரணும். அதில் ர்-ஐ உச்சரிக்கிறார்களா என்று குறித்துக்கொள்வார். வசதியான கடையில்தான் ர் அதிகம் கேட்டது. அட்லாண்டிக்குக்கு அந்தப் பக்கம் இங்கிலாந்தில் மரியாதையான ஆங்கிலம் என்று கருதப்பட்டதோ ர்-ஐ விட்டுவிட்டுப் பேசுவது! ஒலி ஒன்றுதான், மதிப்பு மட்டும் ஊருக்கு ஊர் தலைகீழ்.

அதனால் ஹாஸ்டலில் மதுரைக்காரர் பேசுவதையோ, வடசென்னைக்காரர் பேசுவதையோ, நாகர்கோவில்காரர் பேசுவதையோ கிண்டல் அடிப்பதற்கு முன்னால் ஒரு நோட்டு எடுங்க. பத்துச் சொல் எழுதுங்க. பக்கத்தில் உங்க உச்சரிப்பு. வித்தியாசம் ஒரே மாதிரி வருதா, எந்த இடத்தில் வருது, எந்த இடத்தில் வரலை என்று பாருங்க. வட்டார வழக்கு என்றால் என்ன என்று அந்த ஒரு பக்கத்திலேயே புரியும்.

பர்ரோ–எமெனோ அகராதி சிகாகோ பல்கலைக்கழகத்தின் தளத்தில் இலவசமாகத் தேடக் கிடைக்கிறது. அடுத்த தடவை ஃபார்வேர்டு வந்தால் நாலு கேள்வி போதும். ஒரு ஜோடிதானா, வரிசையே இருக்கா? அன்றாடச் சொற்களா, கடன் போகக்கூடிய சொற்களா? பழைய வடிவத்துக்குப் போனால் நெருங்குதா, விலகுதா? பொருந்தாத சொற்களை என்ன செய்தார்கள்?

நாலுக்கும் பதில் இருந்தால் தாராளமாகப் பகிருங்க. முதல் ஆளாக நானும் பகிர்கிறேன்.